வீட்டில் ஆடையில்லாமல் இருப்பவர்கள் போன், டிவி, கேமராவை எப்படிச் சமாளிக்கிறீர்கள்?

செதில்மீன்:

எனக்கு 46 வயது. கணக்குச் சரிபார்க்கும் வேலை, வீட்டிலிருந்தே. தனியாக இருக்கிறேன். மூன்று வருடமாக வீட்டுக்குள் துணி உடுத்துவதில்லை.

கொள்கை எதுவும் வைத்துக்கொண்டு ஆரம்பித்ததில்லை இது. ஆரம்பித்து வைத்தது சொரியாசிஸ். முதுகு, முழங்கை, தொடை எல்லாம் படை. களிம்பு தடவினால் துணி ஒட்டிக்கொள்ளும், கழற்றும்போது செதிலும் சேர்ந்து உரிந்து வரும். தார் களிம்பின் கறை எத்தனை முறை அலசினாலும் போகாது. கறுப்புச் சட்டை போட்டுப் பல வருடமாகிறது, தோளில் மாவு தூவிய மாதிரி இருக்கும்.

அப்புறம் தோல் மருத்துவர் ஒளிச் சிகிச்சைக்கு எழுதிக் கொடுத்தார். ஆளுயரக் கூண்டு, சுற்றிலும் குழல் விளக்குகள், 311 நானோமீட்டர் புற ஊதா ஒளி. கறுப்புக் கண்ணாடியைத் தவிர உடம்பில் ஒன்றும் இருக்கக்கூடாது என்று சொல்லிவிட்டார்கள். வாரம் மூன்று நாள். முதலில் சில நொடிகள்தான், போகப் போகக் கூட்டுவார்கள். முதல் நாள் கூனிக் குறுகி நின்றேன். பத்தாவது தடவை வந்தபோது, கையை எப்படித் தூக்கினால் முழங்கையின் பின்பக்கம் வெளிச்சம் விழும் என்பது மட்டும்தான் என் கவலை. துணியில்லாத உடம்பு என்றால் ஒன்று வெட்கம், இல்லை குளியல் என்றுதான் அதுவரை இருந்தேன். சும்மாவும் நிற்கலாம் என்று அந்தக் கூண்டில்தான் தெரிந்தது.

வீட்டிலும் அப்படியே தொடர்ந்தது. திரைச்சீலை மூடியிருக்கும். கதவுக்குப் பின்னால் கொக்கியில் ஒரு நைட்டி தொங்கும். நாற்காலியில் துண்டு, இல்லாவிட்டால் ரெக்சின் தொடையைப் பிடித்துக்கொள்ளும். எண்ணெய்ச் சட்டி அடுப்பில் இருந்தால் முன்துணி கட்டிக்கொள்வேன் (ஒரு முறை பட்டுத்தான் புத்தி வந்தது). இதற்கு நேச்சுரிசம் என்று ஒரு பெயர் இருப்பதே ஒரு வருடம் கழித்துத்தான் தெரியும். தமிழில் தேடினால் 'நிர்வாணம்' என்ற சொல்லுக்கு என்னென்ன வந்து விழும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன்.

மருத்துவர் ஒப்பிட்டுப் பார்ப்பதற்காகப் பதினைந்து நாளைக்கு ஒருமுறை படம் எடுத்து வைக்கச் சொல்லியிருந்தார். போனை அலமாரியில் சாய்த்து, டைமர் வைத்து, தலைமுடியை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு முதுகைக் காட்டி எடுப்பேன். அந்தப் படங்கள் தானாகவே இணையத்தில் இருக்கும் என் மேகக் கணக்குக்கு (கிளவுட்) ஏறியிருக்கின்றன. என்றைக்கோ ஹால் டிவியிலும் அதே கணக்கைப் போட்டிருக்கிறேன். டிவி சும்மா இருந்தால் படங்களை ஒவ்வொன்றாக ஓட்டுமாம்.

போன மாதம் தம்பி, தம்பி மனைவி, அவள் அம்மா மூன்று பேரும் வந்திருந்தார்கள். பேச்சு சுவாரசியத்தில் டிவியில் ஓடியதைத் தம்பி அணைக்காமல் பாதியில் நிறுத்தி வைத்திருந்தான். மலை ஒன்று வந்தது, என் பழைய பூனை வந்தது, அடுத்து 43 அங்குலத் திரை முழுக்க என் முதுகு. கீழே இடுப்பு வரைக்கும் அல்ல, முழுசாக. நான் எழுவதற்குள் தொடையும் வந்துவிட்டது. தம்பிதான் ரிமோட்டை எட்டிப் பிடித்து அணைத்தான். யாரும் வாயைத் திறக்கவில்லை. அவன் மாமியார் குடிக்கத் தண்ணீர் கேட்டார். அவ்வளவுதான். அதற்குப் பிறகு தம்பி போன் செய்யவே இல்லை.

அன்றிலிருந்து போனை மேசை இழுப்பறைக்குள் போட்டுவிட்டுத்தான் துணியைக் கழற்றுகிறேன். மடிக்கணினிக் கண்ணில் பிளாஸ்திரி. இது கொஞ்சம் அதிகமா? இன்னொன்றும் கேட்க வேண்டும். ஆறு மாதமாக ஒரு நேச்சுரிஸ்ட் குழுவில் இருக்கிறேன், எழுத்துப் பேச்சு மட்டும்தான். இப்போது அட்மின், 'சரிபார்ப்பு'க்காக ஒரு முழுப்படம் வேண்டும் என்கிறார். முகம் தெரிய வேண்டும், கையில் தேதி எழுதிய தாள் இருக்க வேண்டும். எல்லோரும் அனுப்பியிருக்கிறார்களாம். அனுப்பலாமா?

கம்பிவட்டம்:

ரெண்டாவது கேள்விக்கு முதல்ல பதில்: அனுப்பாதீங்க. யோசிக்கவே வேண்டாம்.

முதல் கேள்விக்கு வரேன். இழுப்பறை தேவையில்லை, ஆனா தப்பும் இல்லை. உங்களைக் கவுத்தது கேமரா கிடையாது, பேக்கப். போன்ல இருக்கிற 'பூட்டிய ஃபோல்டரு'க்குள்ளயே கேமராவைத் திறந்து எடுத்தீங்கன்னா படம் பொது கேலரிக்குப் போகாது. சில போன்ல அந்த ஃபோல்டருக்கும் தனியா ஒரு பேக்கப் சுவிட்ச் இருக்கும், அது அணைஞ்சிருக்கான்னு பாத்துக்கங்க. ஏற்கெனவே ஏறினதை போன்ல மட்டும் அழிச்சா பத்தாது. மேகத்துல அழிச்சு, அங்க இருக்கிற குப்பைத் தொட்டியையும் காலி பண்ணணும். இல்லைன்னா ஒரு மாசம், ரெண்டு மாசம் அங்கயே கிடக்கும். டிவில ஓய்வுத்திரைக்கு உங்க ஆல்பத்தை எடுத்துட்டு, அதோட வர்ற ஓவியமோ நிலாவோ வச்சிடுங்க.

டாக்டருக்கு அனுப்பும்போது கவனம். படத்துக்குள்ள எடுத்த இடம், நேரம் எல்லாம் எழுதியிருக்கும். வாட்ஸ்அப்ல சாதாரணப் படமா போனா அது உதிர்ந்துடும். 'டாக்குமெண்ட்'னு அனுப்பினா அப்படியே கூடப் போகும்.

வீட்டுல தானா ஓடற ரோபோ துடைப்பான் இருக்கா? 2020ல ஒரு கம்பெனியோட சோதனை ரோபோக்கள் எடுத்த படங்கள், அதுல கழிப்பறையில உக்காந்திருந்த ஒரு பொண்ணு படமும் சேர்த்து, இணையத்துல தனிக் குழுக்களுக்குப் போச்சு. படத்துல இருக்கிற பொருளுக்கெல்லாம் பேர் எழுதற வேலைக்குக் கொடுத்த இடத்துலேர்ந்து கசிஞ்சுது. 2022ல எம்ஐடி டெக்னாலஜி ரிவ்யூ பத்திரிகை அதை வெளியில கொண்டுவந்துது. அதனால பிளாஸ்திரி அதிகம்னு நான் சொல்ல மாட்டேன்.

பழைய துண்டு:

செதில்மீன் அம்மா, கம்பிவட்டம் தம்பி சொன்னதற்கு மேல் கருவி பற்றி எனக்குச் சொல்லத் தெரியாது. வயது 67. நேச்சுரிஸ்ட் முகாம்களுக்குப் போக ஆரம்பித்தது கேமராவுக்குச் சுருள் போட்ட காலத்தில். அதனால் வேறு பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

முதலில், அந்த விளக்குக் கூண்டு. படித்ததும் சிரித்துவிட்டேன். நீங்கள் முன்வாசல் வழியாகவே வந்திருக்கிறீர்கள். தோலில் வரும் காசநோய்க்கு ஒளியால் சிகிச்சை கண்டதற்காக நீல்ஸ் ஃபின்சன் நோபல் பரிசு வாங்கியது 1903. அதே வருடம் சுவிட்சர்லாந்தின் லேசான் மலையூரில் ஒகுஸ்த் ரோலியே என்ற மருத்துவர் காசநோயாளிகளை வெயிலில் படுக்க வைத்து வைத்தியம் பார்க்கத் தொடங்கினார். அதே வருடம்தான் ஜெர்மனியில் பவுல் சிம்மர்மான் திறந்தவெளிப் பூங்கா ஒன்றை ஆரம்பித்தார், ஆடையில்லா முகாம்களுக்கெல்லாம் மூத்தது என்று அதைச் சொல்வார்கள். வைத்தியமும் இதுவும் ஒரே வெயிலில் காய்ந்தவை. 1950இல் பிரான்சின் மோந்தாலிவேயில் தொடங்கிய முகாமுக்குக்கூட 'சூரிய - கடல் மையம்' என்றுதான் பெயர் வைத்தார்கள். மூன்று வருடம் கழித்து உலகக் கூட்டமைப்பு உருவானதும் அங்கேதான்.

ஒளிந்து வாழ்வதும் புதிதல்ல. 1891இல் பம்பாய்க்கு அருகே தானே ஊரில் சார்லஸ் கிராஃபோர்ட் என்ற ஆங்கிலேய நீதிபதி ஆடையில்லாமல் இருப்பதற்கென்றே ஒரு சங்கம் வைத்திருந்தார். மொத்த உறுப்பினர் மூன்று பேர். அவர் எட்வர்ட் கார்பென்டர் என்ற ஆங்கில எழுத்தாளருக்கு எழுதிய கடிதங்கள் பிழைத்துக் கிடப்பதால்தான் அது நமக்குத் தெரிகிறது. உங்கள் அட்மின் அன்றைக்கு இருந்திருந்தால் நீதிபதியிடமும் தேதித் தாளோடு படம் கேட்டிருப்பார்.

அந்தப் படத்தைப் பற்றி. நான் போன முகாம்கள் ஒன்றிலும் யாரும் படம் கேட்டதில்லை. பேசுவார்கள். ஒரு பெரியம்மா வாசல் மேசையில் அரை மணி நேரம் என்னிடம் பறவைகளைப் பற்றிப் பேசினார், அதுதான் நேர்காணல் என்று உள்ளே போன பிறகுதான் தெரிந்தது. விதி இரண்டே இரண்டு. உட்காருமுன் துண்டு விரி. கேமராவை எடுக்காதே, எடுத்தே ஆக வேண்டுமென்றால் படத்துக்குள் வரும் ஒவ்வொருவரிடமும் கேள். குழந்தைகள் இருக்கும் பக்கம் அந்தக் கேள்விக்கே இடம் கிடையாது. பிறகு போன் வந்தபோது, அதன் கேமராக் கண்ணின் மேல் ஒட்ட வாசலிலேயே ஒரு ஒட்டுத்தாள் கொடுத்தார்கள்.

சுருள் காலத்திலும் பயம் இருந்தது. கழுவக் கொடுத்தால் கடைக்காரர் பார்ப்பார். எடுத்ததும் படத்தைக் கையில் கொடுத்துவிடும் போலராய்ட் கேமரா 1948இல் விற்பனைக்கு வந்தபோது எத்தனை பேர் அதற்காகவே வாங்கியிருப்பார்கள் என்று நினைத்துக்கொள்வேன். தபாலும் அப்படித்தான். அமெரிக்காவில் நேச்சுரிஸ்ட் பத்திரிகையைத் தபால்துறை நிறுத்தி வைத்து, உச்ச நீதிமன்றம் வரை போய் 1958இல்தான் வழி விட்டார்கள். ஆனால் அன்றைக்கு ஒரு படம் கெட்ட கைக்குப் போனால் அந்த ஒரு கையோடு சரி.

முகாம்களில் நான் பயமில்லாமல் இருந்ததற்குக் காரணம் அங்கிருந்தவர்கள் எல்லாம் உத்தமர்கள் என்பதல்ல. என்னைப் பார்க்கிறவனை நானும் பார்க்கிறேன், அவன் தொப்பையும் தழும்பும் என் கண்முன் இருக்கிறது. ஊரடங்கு சமயத்தில் காணொளியில் கூடினோம். பன்னிரண்டு சதுரங்கள். கேமரா இல்லாமல் யாரும் வரக்கூடாது என்று விதி. மூன்றாவது வாரம் ஒருவர் பேசுவதற்குக் குனிந்தார், கழுத்துக்குக் கீழே இஸ்திரி போட்ட சட்டைக் காலர் எட்டிப் பார்த்தது. மனிதர் முழுசாக உடுத்திக்கொண்டு, தாடைக்கு மேல் மட்டும் தெரிகிற மாதிரி உட்கார்ந்து, மூன்று வாரம் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு கூட்டத்தில் எனக்கு அம்மணமாக இருப்பது போலிருந்தது. அந்தச் சொல்லே அமணர் என்பதிலிருந்து வந்தது என்று அகராதி சொல்லும், துறந்தவர்கள் பெயர். அன்றைக்கு அதில் துறவு ஒன்றும் இல்லை.

சும்மா_கேக்கறேன்:

கோவிச்சுக்காதீங்க. உங்க வீடு, உங்க உடம்பு, களிம்பு ஒட்டுது, கழட்டிட்டீங்க. சரி. இதுக்கு எதுக்கு ஒரு இசம், குழு, முகாம்? குளிக்கறதுக்கு யாரும் சங்கம் வைக்கலையே. இந்தக் குழுக்கள்ல பாதிப் பேர் வேடிக்கை பார்க்க வர்ற ஆம்பளைங்கன்னு உங்களுக்கே தெரியும்.

'ஆடையில்லாம இருந்தா தன்னம்பிக்கை கூடும்னு ஆராய்ச்சி நிரூபிச்சிருச்சு'ன்னு வேற சொல்வாங்க. கியான் வெஸ்ட்னு ஒரு உளவியல் ஆராய்ச்சியாளரோட 2017 கட்டுரை. 849 பிரிட்டன்காரங்ககிட்ட கேட்டு எழுதினது. ஏற்கெனவே உடம்பைப் பத்திக் கவலைப்படாதவன்தானே அங்க போவான்?

செதில்மீன்:

கோபம் இல்லை, நானே கேட்டுக்கொண்ட கேள்விதான். அந்த ஆராய்ச்சியைப் பற்றி நீங்கள் சொல்வது சரி. அவரே பிறகு, 2020இல் என்று ஞாபகம், 51 பேரைக் குலுக்கல் முறையில் பிரித்து ஒரு சோதனையும் செய்திருக்கிறார். ஆடையில்லாமல் பழகியவர்களுக்குத் தங்கள் உடம்பின் மேல் கொஞ்சம் மதிப்புக் கூடியிருந்தது. 51 பேர் சின்னக் கூட்டம்தான், அதை வைத்துக்கொண்டு கொடி பிடிக்க மாட்டேன்.

குழு எதற்கு என்றால், என் படைகளைப் பார்த்து முகம் சுளிக்காத ஒருவரை இதுவரை நான் சந்தித்தது சம்பளம் வாங்குகிற இடத்தில் மட்டும்தான். மருத்துவர், விளக்குப் போடும் நர்ஸ், அவ்வளவே. வேறு யாராவது ஒருவர் பார்த்துவிட்டு, பேச்சைத் தொடர வேண்டும் என்று ஓர் ஆசை. வேடிக்கை பார்க்க வருபவர்கள் நிறைய என்பதும் தெரியும். ஆறு மாதத்தில் எனக்கு வந்த தனிச்செய்திகளில் சொரியாசிஸ் பற்றிக் கேட்டது ஒன்றே ஒன்று.

மழைக்காகிதம்:

அக்கா, கசப்பான ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. படமே எடுக்காமல் இருந்தால் தப்பித்துவிடலாம் என்ற எண்ணத்தில் இந்த இழை போகிறது. நான் எதையும் கழற்றியதில்லை, நேச்சுரிஸ்ட்டும் இல்லை. வேலை தேடுவதற்காகப் போட்டிருந்த, கழுத்து வரை பொத்தான் போட்ட என் படத்தை எடுத்து யாரோ துணியில்லாமல் ஆக்கிவிட்டார்கள். அந்த உடம்பு என்னுடையதில்லை. தொப்புளுக்கு மேல் எனக்கு ஒரு தழும்பு உண்டு, அதில் இல்லை. அந்தத் தழும்பைக் காட்டி 'நான் இல்லை' என்று நிரூபிக்கலாமா என்றுகூட ஓர் இரவு யோசித்தேன், பாருங்கள் எங்கே கொண்டுபோய் விடுகிறது என்று. 2019இல் இப்படி ஒரு செயலி வந்து, எதிர்ப்பில் சில நாளிலேயே இழுத்து மூடினார்கள். அதன் குட்டிகள் இன்றும் திரிகின்றன.

எனக்கு உதவியது ஸ்டாப்என்சிஐஐ (StopNCII), சம்மதமில்லாமல் அந்தரங்கப் படங்கள் பரவுவதைத் தடுக்க உதவும் இணையதளம். 2021 டிசம்பரில் தொடங்கியது. படத்தை அவர்களுக்கு அனுப்ப வேண்டியதில்லை, அதுதான் முக்கியம். உங்கள் போனிலேயே படத்திலிருந்து ஓர் எண்வரிசையை உருவாக்கும், கைரேகை மாதிரி. அந்த வரிசை மட்டும் போகும். சேர்ந்திருக்கும் தளங்கள் அதை வைத்துப் பொருந்தும் படத்தைத் தேடி எடுக்கும். 18 வயது தாண்டியவர்களுக்கு மட்டும். போலிப் படத்துக்கும் செய்யலாம். எல்லாத் தளமும் அதில் இல்லை, அதனால் முழுக்க ஒழிந்தது என்று சொல்ல மாட்டேன்.

இதே தளங்கள் வேறெதையெல்லாம் எடுக்கும் தெரியுமா? ஏறக்குறைய 30,000 வருடப் பழமையான வில்லன்டார்ஃப் வீனஸ், ஆடையில்லாத பெண்ணுருவில் 11 சென்டிமீட்டர் சுண்ணாம்புக்கல் பொம்மை, அதன் படத்தை ஃபேஸ்புக் தூக்கியது. 2018இல் பெரிய செய்தியாகி மன்னிப்புக் கேட்டார்கள். அதே வருடக் கடைசியில் டம்ளர் (Tumblr) என்ற வலைப்பதிவுத் தளம் பெரும்பாலான நிர்வாணப் படங்களைத் தடை செய்தபோது அங்கே இருந்த நேச்சுரிஸ்ட் பக்கங்களும் சேர்ந்து போயின. வடிகட்டிக்கு வெயில் காய்பவரும் ஒன்றுதான், ஆபாசமும் ஒன்றுதான்.  நான் அனுப்பிய புகாருக்கு மூன்று நாளில் வந்த பதில், 'எங்கள் விதிமுறைகளை மீறவில்லை.' பொம்மைக்குக் கிடைத்த கவனிப்பு எனக்குக் கிடைக்கவில்லை.

அட்மினுக்கு மட்டும் அனுப்பிவிடாதீர்கள் அக்கா. முகமும் உடம்பும் தேதியும் ஒரே படத்தில் இருந்தால் அதற்குச் சரிபார்ப்பு என்று பெயரில்லை, பிணை.

பழைய துண்டு:

மழைக்காகிதம், படித்துவிட்டு நேரம் போனது. காலர் மனிதரைப் பற்றி நான் அவ்வளவு நீட்டி எழுதியிருக்க வேண்டாம் என்று தோன்றுகிறது.

சும்மா_கேக்கறேன்:

மழைக்காகிதம் சிஸ்டர், சாரி. 'வேடிக்கை பார்க்க வர்றவங்க'ன்னு ரொம்ப லேசாச் சொல்லிட்டேன்.

செதில்மீன்:

எல்லோருக்கும் நன்றி. நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

அட்மினிடம், படம் கிடையாது, வேண்டுமென்றால் குரலில் பேசுகிறேன் என்றேன். 'நம்பிக்கை இல்லாதவர்களுக்கு இங்கே இடமில்லை' என்று பதில். வெளியே வந்தேன். இரண்டு நாளில் அந்தக் கணக்கே காணோம். தேதித் தாளோடு அனுப்பியவர்கள் கதி என்ன என்று நினைத்தால் வயிற்றைப் பிசைகிறது. எனக்கு விலாசம் தெரிந்த மூன்று பேருக்கு மழைக்காகிதம் சொன்னதை அப்படியே எழுதி அனுப்பினேன்.

டிவியில் இப்போது ஏதோ ஒரு பாலைவனம் வருகிறது. படங்கள் பூட்டிய ஃபோல்டரில், பேக்கப் அணைத்தாயிற்று. குப்பைத் தொட்டியைத் திறந்தால் உள்ளே 214 படம். ஒவ்வொன்றாகப் பார்த்துத்தான் அழித்தேன். முதல் படத்தில் முதுகு முழுக்கச் சிவப்பு, கடைசிப் படத்தில் நடுவில் மட்டும் ஒரு தீவு மாதிரி மிச்சம். மருத்துவர் சொன்னபோது நம்பவில்லை. போன் இழுப்பறையிலிருந்து வெளியே வந்துவிட்டது, பிளாஸ்திரி இருக்கிறது.

தம்பி நேற்றுக் கூப்பிட்டான். வேறெதையோ பத்து நிமிடம் பேசினான், வண்டி, மழை என்று. அப்புறம், "முதுகுல இவ்வளவு இருக்குன்னு சொல்லவே இல்லையேக்கா" என்றான். ஒரு மாதமாகப் பேசாமல் இருந்தது அதனால்தான் போல. நான் நினைத்துக்கொண்டிருந்தது வேறு. என்ன பதில் சொன்னேன் என்றே ஞாபகமில்லை. பின்னாலிருந்து தம்பி மனைவி குரல் கேட்டது: நடு முதுகு எட்டாதே, அண்ணி களிம்பை எப்படித் தடவிக்கறாங்கன்னு கேளுங்க.

மரக்கரண்டியின் பின்பக்கத்தால் தடவுகிறேன் என்றேன். இரண்டு பேரும் சிரித்தார்கள். ஞாயிற்றுக்கிழமை வருகிறாளாம், தடவிவிட. நைட்டியை முதுகு திறக்கிற மாதிரி போட்டுக்கொள்ளலாமா, துண்டு போதுமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.